கோல்கீப்பரின் வலது கால்

ஜனவரி 9

அன்புள்ள அண்ணா,

இங்கே எல்லாரும் நலம். நீ நலமா என்று கேட்கப்போவதில்லை. கணுக்காலில் கட்டுப் போட்டுப் படுத்திருந்தபோதும் "நலம்" என்றுதான் எழுதினாய்.

எதற்குக் கடிதம் என்று யோசிப்பாய். போனில் பேசினால் அம்மா ஸ்பீக்கரைப் போட்டுவிட்டுப் பக்கத்திலேயே உட்கார்ந்துகொள்கிறாள். மெசேஜ் அனுப்பினால் பதிலுக்கு ஒரு கட்டைவிரல் வருகிறது. காகிதத்துக்குக் கட்டைவிரல் காட்ட முடியாது. எழுதித்தான் ஆகவேண்டும்.

சின்னவளுக்குக் கல்யாணம் முடிவாகிவிட்டது. ஏப்ரல் 12. மாப்பிள்ளை கண்ணாடிக் கடையில் கண் பரிசோதிக்கிறவர். நல்ல மனிதர்தான். வந்ததும் என்னிடம், "உங்க அண்ணன் இப்ப எந்த டீம்ல ஆடுறார்?" என்று கேட்டார். எனக்குச் சட்டென்று சொல்ல வரவில்லை. கூடப்பிறந்தவனுக்கே இந்த நிலைமை.

எப்படி வரும். பத்து வருஷத்தில் இது ஐந்தாவது நாடு. முதல் நாட்டில் பிளாஸ்டிக் புல். உன் முழங்காலில் தோல் நின்றதே இல்லை. இரண்டாவதில் பனியை வாரிக் கொட்டிவிட்டு ஆடினீர்கள். மூன்றாவதில் கிளப் திவாலாகி, ஜெர்சியை நீங்களே துவைத்துக் காயப்போட்டீர்கள். நான்காவதில் சீசன் முழுக்க ஆடிய உன்னை, உனக்கு முன்னால் அந்த நம்பர் போட்டிருந்தவனின் பெயரைச் சொல்லியே வர்ணனைக்காரன் கூப்பிட்டுக்கொண்டிருந்தான். நீ நடுக்களத்தில் பந்தை வாங்கி அடுத்தவனுக்குக் கொடுக்கிறவன். கோல் போட்டவனை நாலு கோணத்தில் காட்டுகிறார்கள். அதற்கு இரண்டு பாஸ் முன்னால் நிற்கிற உன்னை ஒரு கோணத்திலும் காட்டுவதில்லை. எனக்குப் பற்றிக்கொண்டு வருகிறது. உனக்கு வருவதே இல்லை.

அம்மாவின் கண் ஆபரேஷனுக்கு வரவில்லை. நாங்கள் வீடு மாறியதற்கு வரவில்லை. புது வீட்டுக் கதவு எந்தப் பக்கம் திறக்கும் என்றுகூட உனக்குத் தெரியாது. இதற்காவது வந்து சேர். முடியும், முடியாது, இரண்டில் ஒன்றை எழுது. "பார்க்கலாம்" என்று மட்டும் எழுதாதே.

உன் தம்பி,
ஸ்பேனர்


ஜனவரி 28

அன்புத் தம்பி ஸ்பேனருக்கு,

திட்டினாலும் சரி, நலம். அம்மாவை வெயிலில் கறுப்புக் கண்ணாடி இல்லாமல் போகவிடாதே. இனி வீட்டிலேயே கண் ஆள் இருக்கிறார், எனக்கு அந்தக் கவலை விட்டது.

சின்னவள் போனில் ஒரு வார்த்தை மூச்சு விடவில்லை. நீதான் சொல்லவேண்டும் என்று விட்டுவைத்திருப்பாள். சந்தோஷமாக இருக்கிறேன் என்று அவளிடம் சொல்.

எனக்கு அறை மூன்றாவது மாடியில். கட்டடத்தில் லிஃப்ட் இருக்கிறது, ஓடுவதில்லை. கதவில் "பழுது" என்று எழுதிய அட்டையே பழசாகிப் போய்விட்டது. லிஃப்ட் மெக்கானிக் தம்பி ஒருவன் எனக்கு இருக்கிறான் என்று வாட்ச்மேனிடம் சொன்னேன். "அப்ப கூட்டிட்டு வாங்க" என்கிறார்.

ஞாயிற்றுக்கிழமை நல்ல ஆட்டம். இரண்டாம் பாதியில் எங்கள் பக்கம் முழுக்கக் கூரை நிழல், அவர்கள் பக்கம் முழுக்க வெயில். ஸ்கேல் வைத்துக் கோடு கிழித்தாற்போல் இருந்தது. நடுவில் பந்தை வாங்கி, திரும்பாமல், ஒரே தொடலில் இடப்பக்கம் ஓடுகிறவனுக்கு ஒரு பாஸ். அவர்கள் கோல்கீப்பர் உடம்பு எடை முழுவதையும் வலது காலில் போட்டு நின்றிருந்தான், குதிகால் கோட்டில். அந்தக் காலை எடுப்பதற்குள் பந்து உள்ளே போய்விட்டது.

கல்யாணத்துக்குப் பார்க்கலாம். எல்லாருக்கும் சட்டை தைக்கும்போது எனக்கும் ஒன்று தைத்து வை. பழைய அளவுதான். தோள் மட்டும் கொஞ்சம் விட்டுத் தைக்கச் சொல்.

உன் அண்ணன்


பிப்ரவரி 11

அண்ணா,

நாங்கள் நலம். "பார்க்கலாம்" என்று எழுதாதே என்றேன், எழுதியிருக்கிறாய். அதை அப்புறம் வைத்துக்கொள்வோம்.

அந்த லீக் இங்கே எந்தச் சேனலிலும் வராது. தேடிப்பிடித்து அந்த ஆட்டத்தின் வீடியோவை முழுசாகப் பார்த்தேன். அதற்கு முன்பே எனக்குச் சந்தேகம். நீ நிற்கிற இடத்துக்கும் கோல்கீப்பரின் காலுக்கும் நடுவில் பத்துப் பேர் ஓடுகிறார்கள். குதிகால் எந்தக் கோட்டில் இருந்தது என்று உனக்கு எப்படித் தெரிந்தது. நிழல் எது, வெயில் எது என்று மைதானம் முழுவதும் ஒரே பார்வையில் எப்படி விழுந்தது. அப்படித் தெரிய வேண்டுமானால் மேலே உட்கார்ந்திருக்க வேண்டும். லிஃப்ட் குழிக்குள் நிற்கிறவனுக்குத் தெரிவது வேறு, மேலே மோட்டார் அறையில் நிற்கிறவனுக்குத் தெரிவது வேறு. இதைச் சொல்லித்தான் எனக்குச் சம்பளம் கொடுக்கிறார்கள்.

வீடியோவில் நீ இல்லை. அந்தப் பாஸைக் கொடுத்தது வேறொருவன். மாற்று ஆட்டக்காரர்கள் பெஞ்சிலும் நீ இல்லை. அதற்கு முந்தைய ஆட்டங்களையும் பார்த்துவிட்டேன். எதிலும் இல்லை.

நீ எங்கே இருக்கிறாய். என்ன நடக்கிறது. அம்மா தினமும் பக்கத்து வீட்டில் போய், "பெரியவன் ஞாயித்துக்கிழமையானா ஆடப் போயிடுவான், அன்னிக்குப் போன் பண்ணமாட்டான்" என்று பெருமையாகச் சொல்லிக்கொண்டிருக்கிறாள். கேட்கவே நாராசமாக இருக்கிறது.

கோபத்துடன்,
ஸ்பேனர்


மார்ச் 1

அன்புத் தம்பிக்கு,

நலம். அம்மா பக்கத்து வீட்டில் சொல்வதைச் சொல்லிக்கொண்டே இருக்கட்டும். திருத்தாதே.

நீ கண்டுபிடித்தது சரி. ஒவ்வொரு அணியிலும் வெளிநாட்டுக்காரர்களுக்கு இத்தனை இடம் என்று வரம்பு உண்டு. டிசம்பரில் புது கோச் வந்தார், தன் ஆளைக் கொண்டுவந்தார், பட்டியலிலிருந்து என் பெயரை எடுத்துவிட்டார். அவர்களாக என்னை அனுப்பினால் நஷ்ட ஈடு தரவேண்டும். அதனால் நானாகப் போகவேண்டும் என்று காத்திருக்கிறார்கள்.

போகவைக்கிற வழி இதுதான். எனக்குத் தனிப் பயிற்சி. நேரத்தை எழுதித் தினமும் வாசல் கேட்டில் ஒட்டுவார்கள். ஒருநாள் விடிவதற்கு முன், மறுநாள் உச்சி வெயிலில். உடை மாற்றும் அறையில் நான் சட்டை மாட்டும் ஆணிக்கு மேல் இப்போது வேறு பெயர். புல் வெட்டுகிற இயந்திரம் நிற்கும் கொட்டகையில் மாற்றிக்கொள்கிறேன். என்னோடு பயிற்சிக்கு யாரும் கிடையாது. சுவருக்குப் பாஸ் கொடுக்கிறேன், சுவர் ஒழுங்காகத் திருப்பித் தருகிறது. மேனேஜருக்கு நாங்கள் வைத்த பெயர் "சிரிப்பு". தினமும் சிரித்துக்கொண்டே வருவார். "இன்னும் இங்கதான் இருக்கீங்களா? வீட்டு ஞாபகம் வரலையா?" என்பார்.

கையெழுத்துப் போட்ட அனுமதி இல்லாமல் நான் ஒருநாள் வராவிட்டால் ஒப்பந்தத்தை நான் முறித்ததாகிவிடும். அந்தத் தகராறு முடியும்வரை எந்த நாட்டிலும் எந்த அணியும் என்னைச் சேர்க்க முடியாது. ஒரு வருஷம் ஆடாமல் உட்கார்ந்த முப்பத்திரண்டு வயதுக்காரனை அப்புறம் யார் கூப்பிடுவார்கள். ஜூன் கடைசிவரை தாக்குப்பிடித்தால் ஒப்பந்தம் தானாக முடியும். அதன்பிறகு எங்கேயாவது ஆடலாம். எனக்கு ஆடவேண்டும், அவ்வளவுதான்.

இந்தத் தாள் நிரம்பிவிட்டது. அடுத்த தாளைப் பார்.

இதை அம்மாவிடமும் சின்னவளிடமும் சொல்லாதே. நான் கல்யாணத்துக்கு வருகிறேன். ஏப்ரல் 10ஆம் தேதி அணி வெளிநாட்டு ஆட்டத்துக்குப் புறப்படுகிறது, சிரிப்பும் கூடப் போகிறார். மைதானத்தில் புது விதை தூவுவதால் கேட்டைப் பூட்டிவிடுவார்கள். பூட்டின கேட்டில் நேரம் ஒட்டமாட்டார்கள். டிக்கெட் எடுத்துவிட்டேன். 12ஆம் தேதி காலை மண்டப வாசலில் நிற்பேன், அவர்கள் திரும்புவதற்குள் இங்கே வந்துவிடுவேன். கல்யாணம் என்றைக்கு என்று இங்கே யாருக்கும் தெரியாது. தெரிந்தால் அன்றைக்கென்று ஒரு பயிற்சி வைப்பார்கள். ஆகவே நீ செய்யவேண்டியது ஒன்றுதான். எதுவும் செய்யாமல் இரு.

சட்டை தைத்தாயிற்றா?

உன் அண்ணன்


மார்ச் 10

அண்ணா,

உன் கடிதம் இன்று வேலை இடத்துக்கு வந்தது. முதல் தாளைப் படித்ததற்கு மேல் என்னால் உட்கார்ந்திருக்க முடியவில்லை. மோட்டார் அறையிலிருந்தே, அங்கேயே, அப்போதே உன் கிளப்புக்கு ஒரு மெயில் அனுப்பிவிட்டேன். மேனேஜருக்கு ஒன்று, அந்த நாட்டுக் கால்பந்துச் சங்கத்துக்கு ஒரு நகல்.

நீ கெஞ்சுகிறவன், எனக்கு அந்தப் பழக்கம் இல்லை. நேராகக் கேட்டிருக்கிறேன்: "ஏப்ரல் 12 என் தங்கையின் திருமணம். அதற்கு வர என் அண்ணனுக்கு எழுத்துமூலம் அனுமதி தரவேண்டும். தர மறுத்தால் காரணத்தையும் எழுத்துமூலம் தரவேண்டும்." இப்படிக் கேட்டால் தராமல் தப்பிக்க முடியாது. மெஷின் ஓடவில்லை என்றால் முதலில் மெயின் சுவிட்சைப் பார்க்கவேண்டும். பத்து வருஷமாக நீ யாரிடமும் நேராகக் கேட்டதில்லை. உன் கோளாறு அங்கேதான்.

புல்வெட்டுகிற கொட்டகையில் உடை மாற்றுகிறாயா. என் அண்ணனா. நினைக்க நினைக்க ஆறவில்லை.

மூன்றாவது மாடியில் யாரோ மாட்டிக்கொண்டு மணி அடிக்கிறார்கள். போகிற வழியில் இதைப் பெட்டியில் போட்டுவிடுகிறேன். மீதித் தாளை வீட்டுக்குப் போய்ப் படிக்கிறேன்.

ஸ்பேனர்


மார்ச் 11

அண்ணா,

இரண்டாவது தாளைப் படித்துவிட்டேன்.

உனக்குப் போன் போட்டுப் பார்த்தேன், நீ எடுக்கவில்லை. அனுப்பிய மெயிலைத் திரும்பப் பெற வழியில்லை. "தேதி தவறு" என்று இன்னொரு மெயில் அனுப்பலாமா? சொல். நீ சொல்லாமல் இனி ஒன்றும் செய்யமாட்டேன்.

சட்டை தைத்தாயிற்று.

தம்பி


மார்ச் 30

அன்புள்ள அண்ணா,

இங்கே நலம். உன்னிடமிருந்து ஒன்றும் வரவில்லை. போனில் அம்மாவிடம் "நல்லா இருக்கேன்மா" என்கிறாய். நான் வாங்கினால் "வண்டி வந்துடுச்சு, வைக்கிறேன்" என்கிறாய். எந்த வண்டி. உன் அறையிலிருந்து மைதானத்துக்கு நடந்துதான் போகிறாய் என்று எனக்குத் தெரியாதா.

கிளப்பிலிருந்து பதில் வந்தது. மூன்றே வரி. "தங்கள் குடும்பத்துக்கு வாழ்த்துகள். ஆட்டக்காரரிடமிருந்து எங்களுக்கு விடுப்பு விண்ணப்பம் எதுவும் வரவில்லை. பயிற்சி அட்டவணை வழக்கம்போல் அறிவிக்கப்படும்." சங்கம் வாய் திறக்கவில்லை. என்ன ஜென்மங்கள் இவர்கள். வாழ்த்துச் சொல்லிக்கொண்டே கழுத்தில் கையை வைக்கிறார்கள்.

என்மேல் கோபம் என்றால் திட்டி எழுது. இந்த மௌனம் மட்டும் வேண்டாம். நான் இதைவிட மோசமான பழுதையெல்லாம் பார்த்திருக்கிறேன், ஆனால் சத்தமே போடாத மோட்டாரை என்ன செய்வதென்று இன்றுவரை எனக்குத் தெரியாது.

தம்பி


ஏப்ரல் 12

தம்பிக்கு,

இந்நேரம் மண்டபத்தில் எல்லாரும் சாப்பிட உட்கார்ந்திருப்பீர்கள்.

9ஆம் தேதி மாலை கேட்டில் தாள் ஒட்டினார்கள். "உடல்தகுதிச் சோதனை, ஏப்ரல் 12, காலை." கீழே ஒரே ஒரு பெயர், என்னுடையது. விதை தூவப் பூட்டிய மைதானத்தை அதற்கென்று திறந்தார்கள். வெளிநாடு போகவேண்டிய சிரிப்பு போகவில்லை, இதற்காகவே தங்கிவிட்டார். குடையும் நாற்காலியும் போட்டு ஓரத்தில் உட்கார்ந்திருந்தார்.

"நீங்க தங்கச்சி கல்யாணத்துக்குப் போயிருப்பீங்கன்னு நினைச்சேன். நாங்க யாரும் தடுக்கலையே," என்றார்.

"சோதனைன்னு போட்டிருக்கீங்களே சார்."

"போட்டிருக்கு. அதுக்காகக் குடும்பத்தை விட்டுடுவாங்களா? என்ன மனுஷங்கப்பா நீங்க."

இதைச் சிரித்துக்கொண்டே சொன்னார். எனக்குக் கோபமே வராது என்று நீ எழுதியிருந்தாய். அந்த நேரத்தில் பந்தை அவர் முகத்தில் அடிக்க எனக்கு ஒரு தொடல் போதும், குறி தவறாது. அடித்தால் அவர்களுக்கு வேண்டியது கிடைத்துவிடும். ஓடினேன். ஈரமான விதைமண்ணில் ஓடினேன், பூட்ஸில் விதை ஒட்டிக்கொண்டு வந்தது. அவர்கள் வைத்த எல்லாச் சோதனையிலும் தேறினேன். எழுதிக்கொண்டு போனார். அதில் என்ன எழுதினாரோ.

இத்தனை வருஷமும் நான் யாரிடமும் நேராகக் கேட்டதில்லை என்றாய். முதல் நாட்டில் கேட்டேன். மறுநாள் பெட்டியைக் கட்டச் சொன்னார்கள். அதை உங்களுக்கு எழுதவில்லை. "வேறு நாட்டிலிருந்து நல்ல வாய்ப்பு வந்திருக்கிறது" என்று எழுதினேன். நீங்கள் எல்லாருக்கும் சொல்லிச் சந்தோஷப்பட்டீர்கள்.

உனக்கு நான் சொன்னது ஒன்றே ஒன்று. ஒன்றும் செய்யாதே. அதையும் இரண்டாவது தாளில் எழுதியது என் தப்பாம். நீ இப்படித்தான் நினைத்துக்கொண்டிருப்பாய். உன் வேலையில் கதவைத் திறக்கும் முன் லிஃப்ட் எந்த மாடியில் நிற்கிறது என்று பார்ப்பாய் அல்லவா. என் விஷயத்தில் அதைக்கூடப் பார்க்கவில்லை.

இப்போது எழுத வேண்டாம். நானே எழுதுகிறேன்.

அண்ணன்


ஏப்ரல் 29

அண்ணா,

நான்தான், சின்னவள். நானும் உன் மாப்பிள்ளையும் நலம். அம்மா நலம், அவளுக்கு இவர் புதுக் கண்ணாடி போட்டுக் கொடுத்தார், இப்போது தூசி எல்லாம் தெரிகிறது என்று வீட்டைப் பெருக்கிக்கொண்டே இருக்கிறாள்.

ஸ்பேனர் அண்ணன் கல்யாணத்துக்கு உன் சட்டையைப் போட்டுக்கொண்டு வந்தது. தோள் இரண்டும் தொங்குகிறது, கை விரல் நுனிவரை வருகிறது. "அது பெரியவனோடது, கழட்டுடா," என்று அம்மா சொல்லியும் கேட்கவில்லை. பந்தியில் எல்லாருக்கும் பரிமாறிவிட்டு அது மட்டும் சாப்பிடவில்லை. போட்டோவுக்குக் கூப்பிட்டால் "லைட் பழுது, பார்த்துட்டு வர்றேன்," என்று ஓடிவிட்டது. லைட் நன்றாகத்தான் எரிந்தது. சாயங்காலம் பிடித்து உலுக்கிக் கேட்டேன். மெயில் அனுப்பியதைச் சொல்லி, உன் கடிதத்தின் இரண்டு தாளையும் கொண்டுவந்து கொடுத்தது.

படித்துவிட்டு உங்கள் இரண்டு பேர்மேலும் எனக்கு வந்த ஆத்திரத்தை எழுதக் காகிதம் போதாது. அந்தச் சிரிப்பு ஆளை விடு, அவன் பிழைப்பு அது. நீங்கள் இருவரும் என் அண்ணன்கள். ஒருவர் ஒளித்து வைக்கிறீர்கள், இன்னொருவர் உடைத்துப் போடுகிறீர்கள். நடுவில் கல்யாணம் யாருக்கு என்பதே மறந்துபோச்சு. யாராவது ஒருத்தர் என்னிடம் ஒரு வார்த்தை கேட்டீர்களா? கேட்டிருந்தால் ஜூலைக்குத் தள்ளி வைத்திருப்பேன். மண்டபம் ஜூலையில் காலியாகத்தான் இருந்தது. இவரிடம் நேற்று சொன்னேன். "ஜூலையா, எனக்கும் அப்பதானே லீவு," என்கிறார்.

இனிமேல் உங்களுக்குள் என்ன ரகசியம் வேண்டுமானாலும் வைத்துக்கொள்ளுங்கள். என்னைப் பற்றியதை என்னிடம் சொல்லிவிட்டு வைத்துக்கொள்ளுங்கள்.

ஸ்பேனர் உனக்கு எழுதமாட்டேன் என்கிறது. நீதான் எழுதக் கூடாது என்றாயாம். தினமும் வேலை விட்டு வந்ததும் தபால் பெட்டியைத் திறந்து பார்க்கிறது. எப்போது விடுவிப்பாய்?

சின்னவள்


ஆகஸ்ட் 17

அன்புத் தம்பி ஸ்பேனருக்கு,

நலம். இந்த முறை நம்பலாம். உன் வயிறு எப்படி இருக்கிறது? சாப்பிடாமல் திரிந்தாய் என்று கேள்விப்பட்டேன். சின்னவளுக்கும் மாப்பிள்ளைக்கும் தனியாக எழுதியிருக்கிறேன். அவளிடம் திட்டு வாங்கியதில் மூன்று மாதம் எனக்கு எழுதவே கை வரவில்லை.

ஜூன் கடைசி நாள் வரை கேட்டில் ஒட்டிய எல்லா நேரத்துக்கும் போனேன். கடைசி நாள் சிரிப்பு கை கொடுக்க வந்தார். நான் கொடுக்கவில்லை. பூட்ஸ் இரண்டையும் இரண்டு கையில் பிடித்திருந்தேன், காரணம் அது இல்லை. புல் வெட்டுகிற தோட்டக்காரர் மட்டும் கொட்டகையைத் திறந்து, "இங்க நீங்க சட்டை மாட்டின ஆணியை யாருக்கும் குடுக்கமாட்டேன்," என்றார். யாருக்கு வேண்டும் அந்த ஆணி.

இது ஆறாவது நாடு. சின்ன அணி, இரண்டாம் பிரிவு. பஸ்ஸில் முட்டிக்கு இடமில்லை. ஷவரில் சுடுதண்ணீர் முதலில் குளிக்கிறவனுக்குத்தான். போன சனிக்கிழமை முதல் ஆட்டம், முழு நேரமும் நான் ஆடினேன். வர்ணனைக்காரன் என் பெயரைத் தப்பாகச் சொன்னானாம். யாருக்கும் மெயில் அனுப்பாதே. நானே நேராகப் போய்க் கேட்டேன். "அடுத்த வாரம் சரியாச் சொல்றேன் சார்," என்றான். பார்ப்போம்.

டிசம்பரில் பத்து நாள் விடுப்பு. கையெழுத்து வாங்கி என் பையில் வைத்திருக்கிறேன். இதை முதல் தாளிலேயே எழுதுகிறேன், இரண்டாவது தாளே கிடையாது. சட்டையைத் துவைத்து வை. அம்மாவிடமும் சின்னவளிடமும் இன்றே சொல்லிவிடு.

ஆட்டத்தைப் பற்றிக் கேட்பாய். பெரிதாகச் சொல்ல ஒன்றுமில்லை. முதுகில் ஒருவன் இடித்துக்கொண்டே இருந்தான், கண்ணில் வியர்வை. பந்து வந்தது, திரும்பாமல் கொடுத்தேன். அதற்குள் ஒருவன் காலை வாரிவிட்டான், விழுந்தேன். சத்தம் கேட்டுத்தான் கோல் என்று தெரிந்தது. அவர்கள் கோல்கீப்பர் எந்தக் காலில் நின்றான் என்று எனக்குத் தெரியாது.

உன் அண்ணன்